கையொப்பம் மாறிய விளையாட்டு

விளையாட்டின் விதிகளை ஆடுவோரே மாற்றிக்கொள்வது தமிழ் மண்ணில் பழைய வழக்கம். பல்லாங்குழியில் ஒரு குழிக்கு எத்தனை முத்துகள் இடுவது, எப்போது பசு எடுப்பது என்பவை ஊருக்கு ஊர் வேறுபடும். ஆடுபுலி ஆட்டத்தில் ஆடுகளின் எண்ணிக்கையும் இடத்துக்கு இடம் மாறும். கோடை விடுமுறையில் பாட்டி வீட்டில் ஒன்றுகூடும் குழந்தைகள், ஆட்டம் தொடங்குமுன், "எந்த ஊர் ஆட்டம்?" என்று கேட்டு முடிவு செய்துகொள்வார்கள். விதியை மாற்றியது குற்றம் அன்று. மாற்றம் இருவருக்கும் தெரிந்திருந்தது. ஆகவே ஆட்டம் நேர்மையாக நடந்தது.

கணினி விளையாட்டுகளிலும் இந்த மரபு உண்டு. 1993ஆம் ஆண்டு ஐடி சாஃப்ட்வேர் நிறுவனம் 'டூம்' என்னும் விளையாட்டை வெளியிட்டது. அதன் படங்கள், ஒலிகள், வரைபடங்கள் ஆகியவற்றை இயக்க நிரலில் கலக்காமல் தனிக் கோப்பாக வைத்தது. அதனால் ஆடுவோர் அசலைச் சிதைக்காமலேயே தமக்கென்று புதிய களங்களை உருவாக்கிக்கொள்ள முடிந்தது. 'ஹாஃப் லைஃப்' என்னும் விளையாட்டை அடிப்படையாகக் கொண்டு, மின் லீ, ஜெஸ் கிளிஃப் ஆகிய இருவர் 1999ஆம் ஆண்டு 'கவுண்டர் ஸ்டிரைக்' என்னும் மாற்றுருவைப் படைத்தனர். அசல் விளையாட்டை உருவாக்கிய வால்வ் நிறுவனமே அடுத்த ஆண்டில் அதைத் தன் வெளியீடாகக் கொண்டுவந்தது. இத்தகைய மாற்றுருவை 'மாட்' என்று சுருக்கமாக அழைக்கிறார்கள். அவர்கள் தங்கள் பெயரையும் மறைக்கவில்லை. எந்த விளையாட்டின்மேல் கட்டினார்கள் என்பதையும் மறைக்கவில்லை.

இலவச நாணயங்கள்

திறன்பேசிகள் பரவிய பின்னர் 'மாட்' என்னும் சொல்லுக்கு வேறொரு பொருளும் சேர்ந்துகொண்டது. இன்று பல விளையாட்டுகள் இலவசமாகவே கிடைக்கின்றன. ஆனால் அவற்றுள் வரும் நாணயங்கள், உடைகள், ஆயுதங்கள் ஆகியவற்றைப் பொறுமையோடு ஆடிச் சேர்க்க வேண்டும். இல்லையேல் பணம் கொடுத்து வாங்க வேண்டும். அந்தப் பூட்டை உடைத்து, 'முடிவில்லா நாணயங்கள்' என்னும் விளம்பரத்தோடு யாரோ ஒருவர் இணையத்தில் வைக்கும் செயலிக் கோப்பும் இன்று 'மாட்' எனப்படுகிறது. அதனை மாற்றியவர் யார், எங்கே இருக்கிறார், நாணயங்களைத் தவிர வேறு எதை மாற்றினார் என்பவை ஆடுவோருக்குத் தெரிவதில்லை. 'முற்றிலும் பாதுகாப்பானது' என்ற சான்றிதழைக் கோப்பை வைத்தவரே எழுதியிருப்பார். வேலிக்கு ஓணான் சாட்சி என்பது இதற்குப் பொருந்தும்.

இத்தகைய விளையாட்டைத் தனியே ஆடுவதோடு யாரும் நின்றுவிடுவதில்லை. விளையாட்டின் முகப்பில் 'சமூக ஊடகக் கணக்குடன் இணைக்க' என்னும் பொத்தான் இருக்கிறது. அதனை அழுத்தத் தூண்டும் காரணங்கள் நியாயமானவை. கணக்கோடு இணைக்காமல் விருந்தினராக ஆடினால், சேர்த்தவை யாவும் பெரும்பாலும் அந்தத் திறன்பேசியிலேயே தங்கிவிடும். பேசி பழுதானால் அவையும் போய்விடும். இணைத்தால், நண்பர்களின் பெயர்களும் மதிப்பெண்களும் வரிசையாகத் தெரியும்.

தில்லியிலோ புனேயிலோ வளரும் தமிழ்ச் சிறுவனுக்கு அந்த வரிசை வெறும் எண்களின் பட்டியல் அன்று. மதுரையில் இருக்கும் அத்தை மகனும் திருச்சியில் இருக்கும் பெரியப்பா மகளும் அங்கே இருக்கிறார்கள். ஆண்டுக்கு ஒருமுறை மட்டும் காண முடிந்தவர்களோடு நாள்தோறும் போட்டியிடும் மகிழ்ச்சி அந்தப் பொத்தானுக்குப் பின்னால் உள்ளது. அதனால்தான் மாற்றப்பட்ட விளையாட்டையும் அவன் கணக்கோடு இணைக்க விரும்புகிறான். ஆனால் இணைப்பு நிகழ்வதில்லை. 'பிழை' என்று திரை சொல்கிறது.

முத்திரை சொல்லும் செய்தி

அந்தப் பிழைக்கு ஒரு காரணம் உண்டு. அஞ்சலகத்தில் காப்பீடு செய்து அனுப்பும் பொதிகளின் தையல்மீது அரக்கை உருக்கி ஊற்றி, அதன்மேல் முத்திரை பதிப்பது வழக்கம். வழியில் யாரேனும் பொதியைப் பிரித்தால் அரக்கு உடையும். பிரித்தவர் மீண்டும் அரக்கிட்டு மூடலாம். ஆனால் அவரிடம் இருப்பது வேறு முத்திரை. பெறுபவர் பார்த்த உடனே, இது அனுப்பியவரின் கைப்படவில்லை என்று அறிந்துகொள்வார்.

ஆண்ட்ராய்டு செயலி ஒவ்வொன்றும் இவ்வாறே முத்திரையிடப்படுகிறது. அசலுக்கே உரிய ஓர் இரகசியத் திறவுகோலால் அதற்கு மின்கையொப்பம் இடப்படுகிறது. செயலிக்குள் ஓர் எழுத்து மாறினாலும் அந்தக் கையொப்பம் செல்லாது. ஆகவே மாற்றியவர் தம் சொந்தத் திறவுகோலால் புதிய கையொப்பம் இட்டே அதை வெளியிட வேண்டியிருக்கிறது. அசல் செயலியை நீக்காமல் அதன்மேலேயே மாற்றுருவை நிறுவ இயலாமைக்கும் இதுவே காரணம். இரண்டின் பெயரும் படமும் ஒன்றாக இருக்கலாம், கையொப்பம் வேறு.

விளையாட்டு நிறுவனம் தன் கையொப்பத்தின் அடையாளத்தைச் சமூக ஊடக நிறுவனத்திடம் முன்கூட்டியே பதிவு செய்து வைக்கிறது. கணினித் துறையில் இதற்கு 'விரலடையாளம்' என்றே பெயர். பத்திரத்தில் வைத்த கைநாட்டைப் பதிவேட்டில் உள்ள கைநாட்டோடு ஒப்பிடுவது போல, 'இணைக்க' என்னும் பொத்தானை அழுத்தும்போது இரண்டும் ஒப்பிடப்படுகின்றன. ஒத்துப்போகாவிட்டால் கதவு திறப்பதில்லை. ஆக, திரையில் தோன்றிய பிழை ஒரு பழுது அன்று. ஒரு காவலாளி தன் பணியைச் செய்ததன் அடையாளம்.

கதவு முறையாகத் திறக்கும்போது நிகழ்வதையும் அறிந்துகொள்வது நல்லது. முகநூல், கூகுள் முதலிய கணக்குகளால் பிற செயலிகளுக்குள் நுழையும் முறைக்கு 'ஓஆத்' என்னும் பொது விதிமுறை பயன்படுகிறது. அதன் இரண்டாம் பதிப்பு 2012ஆம் ஆண்டு வெளிவந்தது. இம்முறையில் கடவுச்சொல்லை விளையாட்டிடம் சொல்ல வேண்டியதில்லை. கணக்கை வைத்திருக்கும் நிறுவனத்தின் பக்கத்தில் மட்டுமே அதனை உள்ளிட வேண்டும். அந்நிறுவனம் விளையாட்டிடம் ஓர் அனுமதிச் சீட்டை மட்டும் தருகிறது. பெயர், படம், நண்பர் பட்டியல் என்று எவற்றை விளையாட்டு பார்க்கலாம் என்பதை அந்தச் சீட்டே வரையறுக்கிறது.

குறுக்கு வழிகள்

இணைப்பு மறுக்கப்பட்ட சிறுவன் அடுத்துத் தேடுவது குறுக்கு வழி. 'திறன்பேசியில் உள்ள சமூக ஊடகச் செயலியை நீக்கிவிட்டு மீண்டும் முயலுங்கள்' என்று இணையத்தில் யாரோ அறிவுரை தருகிறார்கள். அவ்வாறு செய்தால், கையொப்பத்தை ஒப்பிடும் காவலாளி விலகக்கூடும். விளையாட்டுக்குள்ளேயே ஒரு நுழைவுப் பக்கம் விரியக்கூடும். வண்ணமும் எழுத்தும் உண்மையான பக்கத்தைப் போலவே இருக்கும். ஆனால் மேலே முகவரி தெரிவதில்லை. அது உண்மையான பக்கம்தானா என்று சோதிக்க வழியில்லை. உண்மையான பக்கமே ஆயினும், அது விரிவது அறியாத ஒருவர் மாற்றியமைத்த செயலிக்குள். அங்கே தட்டெழுதும் ஒவ்வோர் எழுத்தையும் அச்செயலி படிக்க முடியும். இந்த ஆபத்தைக் கருதியே, செயலிக்குள் விரியும் இத்தகைய பக்கங்களின் வழியாக நுழைவதை நிறுத்தப்போவதாகக் கூகுள் 2016ஆம் ஆண்டு அறிவித்தது. முகநூலும் 2021ஆம் ஆண்டு ஆண்ட்ராய்டில் அவ்வாறே செய்தது.

கடவுச்சொல்லைப் போலவே அனுமதிச் சீட்டும் காக்கத்தக்கது. 2018ஆம் ஆண்டு செப்டம்பரில், தன் மென்பொருளில் இருந்த ஒரு குறையினால் ஏறத்தாழ 5 கோடிக் கணக்குகளின் சீட்டுகள் ஆபத்துக்கு உள்ளாயின என்று முகநூல் அறிவித்தது. திருடப்பட்டவை ஏறத்தாழ 3 கோடி என்று அடுத்த மாதம் கணக்கிட்டுக் கூறியது. அந்தத் திருடர்களுக்கு ஒருவருடைய கடவுச்சொல்லும் தேவைப்படவில்லை. சீட்டு கையில் இருந்ததே போதுமானதாயிற்று.

தொலைவில் வாழ்வோரின் பெயர்

"ஒரு விளையாட்டுக் கணக்கைத் திருடி யாருக்கு என்ன பயன்?" என்று சிறுவன் கேட்கக்கூடும். பெரும்பாலும் அது அவனுடைய கணக்கே அன்று. அப்பாவின் திறன்பேசியில் அவன் ஆடுகிறான். இணைத்தது அப்பாவின் கணக்கு. அதில் அத்தை இருக்கிறார், சித்தப்பா இருக்கிறார், அலுவலக நண்பர்கள் இருக்கிறார்கள், ஊரில் தனியே வாழும் பாட்டியும் இருக்கிறார்.

ஒரே தெருவில் வாழ்ந்தவர்களுக்கு இத்தகைய ஏமாற்று எளிதில் பலிக்காது. "உங்கள் மகன் அவசரமாகப் பணம் கேட்டான்" என்று ஒருவர் வந்து சொன்னால், பாட்டி நான்கு வீடு தள்ளி நடந்துபோய், "நீ கேட்டாயா?" என்று மகனையே கேட்டுவிடுவார். மகன் இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் தில்லியில் இருக்கும்போது நடந்துபோய்க் கேட்க இயலாது. திரையில் தோன்றும் பெயரும் சிரித்த படமுமே மகனுக்குச் சான்று. 'அவசரம், பணம் அனுப்புங்கள்' என்று அந்தப் பெயரிலிருந்து செய்தி வந்தால், பாட்டி தம் சேமிப்பை எடுத்து அனுப்பவே முற்படுவார். ஊரைவிட்டுத் தொலைவில் வாழும் குடும்பத்துக்குக் கணக்கு என்பது பொழுதுபோக்கு அன்று. அது குடும்பத்தின் கையொப்பம். மாற்றப்பட்ட விளையாட்டின் கையொப்பத்தை ஒப்பிட்டுப் பார்த்துக் கதவை மூட ஒரு காவலாளி இருந்தார். பாட்டியிடம் அப்படி ஒரு காவலாளி இல்லை. அவரிடம் இருப்பது நம்பிக்கை மட்டுமே.

பணம் பறிபோகாவிட்டாலும் வேறோர் இழப்பு உண்டு. மதுரையில் இருக்கும் அத்தை மகன் மாலைதோறும் ஆடி, தோற்று, மீண்டும் ஆடிச் சேர்த்த மதிப்பெண்ணுக்கு மேலே, முடிவில்லா நாணயங்களால் வந்த மதிப்பெண் அமர்ந்திருக்கும். அதன் அருகில் இருப்பது மாற்றியவரின் பெயர் அன்று, இணைத்தவனின் பெயர். இங்கே விதி மாறியதை அத்தை மகனிடம் யாரும் சொல்லவில்லை. விளையாட்டு நிறுவனம் இதைக் கண்டறிந்தால் கணக்கை முடக்கக்கூடும். அப்போது முறையாக ஆடிச் சேர்த்தவையும் சேர்ந்தே போய்விடும்.

இணைத்துவிட்டால்

ஏற்கெனவே இணைத்துவிட்டவர்கள் அஞ்சி ஒளிய வேண்டியதில்லை. செய்யத்தக்கவை சில உண்டு. முதலில் மாற்றப்பட்ட விளையாட்டைத் திறன்பேசியிலிருந்து நீக்க வேண்டும். சமூக ஊடகக் கணக்கின் அமைப்புகளில், இணைக்கப்பட்ட செயலிகளின் பட்டியல் இருக்கும். அதில் அறியாதவற்றையும் வேண்டாதவற்றையும் நீக்கினால் அவற்றின் அனுமதி முடிவுக்கு வரும். பின்னர்க் கடவுச்சொல்லை மாற்றி, இருபடிச் சரிபார்ப்பை இயக்க வேண்டும். அதன்பின், கடவுச்சொல் மட்டும் தெரிந்தவரால் கணக்கிற்குள் எளிதில் நுழைய இயலாது.

இவை எல்லாவற்றுக்கும் முன்னர்ச் செய்ய வேண்டியது பெற்றோரிடம் சொல்வது. அதுவே கடினமானதும்கூட. 'கேளாமல் விளையாட்டை இறக்கினேன்' என்று சொல்லத் தயங்கும் குழந்தை நாள்களைக் கடத்துகிறது. திருடுபவருக்கு வேண்டியதும் அந்த நாள்களே. அன்றைக்கே சொன்னால், அப்பா உறவினர்களுக்கு எல்லாம் தொலைபேசியில் பேசி, "என் பெயரில் பணம் கேட்டுச் செய்தி வந்தால் நம்ப வேண்டாம்" என்று எச்சரித்துவிட முடியும். பணம் போயிருந்தால் 1930 என்னும் தேசிய உதவி எண்ணில் உடனே முறையிடலாம். பிறருடைய கடவுச்சொல்லையோ மின்கையொப்பத்தையோ ஏமாற்றிப் பயன்படுத்துவது, தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000இன் 66சி பிரிவின்படி, மூன்று ஆண்டுகள் வரை சிறைத்தண்டனைக்கு உரிய குற்றம். ஏமாற்றப்பட்ட குழந்தை அங்கே குற்றவாளி அன்று.

விளையாட்டை மாற்றிப் பார்க்கும் ஆவலைக் கைவிட வேண்டியதில்லை. எம்ஐடி பல்கலைக்கழகத்தில் உருவாகி 2007ஆம் ஆண்டு வெளிவந்த 'ஸ்கிராட்ச்' என்னும் தளத்தில், ஒருவர் செய்த விளையாட்டைத் திறந்து அதன் நிரலைப் படிக்கலாம், மாற்றலாம், மாற்றியதை வெளியிடலாம். அங்கே மாற்றுருவின் பக்கத்தில், முதலில் செய்தவரின் பெயர் தானாகவே இடம்பெறும். மாற்றியவரின் பெயரும் அருகில் இருக்கும். பாட்டி சொல்லிக்கொடுத்த பல்லாங்குழியை அங்கே உருவாக்கி, அதன் இணைப்பை அத்தை மகனுக்கு அனுப்பும் சிறுவனிடம், "எங்கள் ஊரில் குழிக்கு ஆறு முத்து, அதற்கேற்ப மாற்றிக்கொள்ளட்டுமா?" என்று அவன் கேட்கலாம்.