காட்டுப்பள்ளி பெட்டியும் கம்ப்யூட்டர் பெட்டியும்

எண்ணூர், திருவொற்றியூர் பக்கம் இருப்பவர்களுக்கு கண்டெய்னர் என்றால் என்னவென்று சொல்லித்தரத் தேவையில்லை. ரோட்டைக் கடக்க நின்றால் டிரெய்லர் லாரிகள் போய்க்கொண்டே இருக்கும். 2013-ல் காட்டுப்பள்ளி துறைமுகமும் செயல்படத் தொடங்கிய பிறகு கேட்கவே வேண்டாம். ஆனால் இதே கண்டெய்னர் என்ற சொல்லை பொட்டி தட்டுகிறவர்களும் சொல்கிறார்களே, அது என்ன?

முதலில் அந்தப் பக்கத்தில் ஒரு வீட்டை நினைத்துக்கொள்ளுங்கள். அப்பா டிரெய்லர் ஓட்டுகிறார். மகன் பி.காம். இரண்டாம் ஆண்டு. வீட்டில் உருப்படியான ஸ்மார்ட்போன் ஒன்றுதான்.

"அப்பா, இன்னிக்கு மட்டும் போனை வெச்சிட்டுப் போப்பா. கிளாஸ் நோட்ஸ் எல்லாம் ஆப்லதான் வருது."

"போன் இல்லாம டிரிப்பு எப்பிடிடா போறது? டீசலுக்கு யாரு காசு போடுவா?"

போன் லாரியோடு போய்விடும். வீட்டில் மிச்சம் இருப்பது ஒரு பழைய லேப்டாப். அதில் அந்த ஆப்பை ஓட்ட முடியுமா? இதுதான் கேள்வி.

முடியும். இரண்டு வழி உண்டு. ஒன்று, கம்ப்யூட்டருக்குள் இன்னொரு கம்ப்யூட்டர் இருப்பதுபோல் பாவனை செய்து, அதற்குள் முழு ஆண்ட்ராய்டையும் ஓட்டுவது. எமுலேட்டர்கள் இந்த வகை. கப்பல் மேல் இன்னொரு கப்பலை ஏற்றுவது மாதிரி! ரேம் குறைவான லேப்டாப் மூச்சு வாங்கும்.

இரண்டாவது வழிதான் கண்டெய்னர். 1956 ஏப்ரல் 26 அன்று மால்கம் மெக்லீன் என்ற அமெரிக்க லாரி கம்பெனி முதலாளி, நெவார்க்கிலிருந்து ஹூஸ்டனுக்கு 58 பெட்டிகளைக் கப்பலில் அனுப்பினார். அவர் செய்தது எளிய காரியம். மூட்டை மூட்டையாக ஏற்றி இறக்காமல் சரக்கைப் பெட்டியோடு தூக்கி வைத்தார். பெட்டிக்குள் தோல் இருக்கலாம், துணி இருக்கலாம். ஒன்றோடு ஒன்று கலக்காது. ஆனால் கப்பலின் என்ஜின் எல்லாப் பெட்டிக்கும் பொது.

கம்ப்யூட்டரில் அந்த என்ஜின்தான் கெர்னல். ஆண்ட்ராய்டு ஓடுவது லினக்ஸ் கெர்னல் மேல். லேப்டாப்பிலும் லினக்ஸ் இருந்தால் என்ஜின் ஏற்கெனவே தயார். மீதி ஆண்ட்ராய்டை மட்டும் ஒரு பெட்டியில் போட்டு, அதற்குத் தனி ஃபைல்கள், தனி நெட்வொர்க் என்று வேலி கட்டிவிட்டால் போதும். 2017-ல் வந்த ஆன்பாக்ஸ் இப்படித்தான் செய்தது. அது நின்றுபோய்விட்டது. 2021-ல் வந்த வேட்ராய்டு இன்றும் இருக்கிறது. சென்னையில் வளர்ந்த சுந்தர் பிச்சை தலைமையேற்று உருவாக்கிய குரோம் ஓஎஸ்ஸிலும், 2016-ல் ஆண்ட்ராய்டு ஆப்கள் கண்டெய்னர் வழியாகத்தான் வந்தன. பிற்பாடு பாதுகாப்புக்காக அதை மெய்நிகர் இயந்திரத்துக்கு மாற்றிவிட்டார்கள். என்ஜின் பொது என்றால், அங்கே ஓட்டை விழுந்தால் எல்லாருக்கும் ஆபத்துதானே? விண்டோஸ் 11-க்கு மைக்ரோசாப்ட் கொடுத்த ஆண்ட்ராய்டு வசதி 2025 மார்ச் 5-ஓடு முடிந்துவிட்டது.

நம் ஊரில் லினக்ஸ் ஒன்றும் புதிதில்லை. 2011-ல் தொடங்கிய தமிழக அரசின் இலவச லேப்டாப்களில் விண்டோஸோடு சி-டாக் உருவாக்கிய பாஸ் லினக்ஸும் இருந்தது. பல பேர் அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை என்பது வேறு கதை :)

வேட்ராய்டு போடுவதற்கு முன் மூன்று விஷயம் பார்க்க வேண்டும். திரை வேலண்ட் முறையில் இயங்க வேண்டும். ஆண்ட்ராய்டின் பாகங்கள் தங்களுக்குள் பேசிக்கொள்ள உதவும் 'பைண்டர்' கெர்னலில் இருக்க வேண்டும். மூன்றாவது, சில ஆப்கள், முக்கியமாக கேம்கள், போனில் இருக்கும் ஏ.ஆர்.எம். சிப்புக்காக மட்டுமே எழுதப்பட்டவை. இன்டெல் லேப்டாப்பில் அவற்றுக்கு நடுவில் ஒரு மொழிபெயர்ப்பாளர் தேவை. பெட்டி அந்த வேலையைச் செய்யாது.

சரி, எல்லாம் போட்டாகிவிட்டது. நோட்ஸ் ஆப் திறக்கிறது, வீடியோ ஓடுகிறது. அப்பாவின் போன் இனி வேண்டாமா?

அங்கேதான் கேட் வருகிறது. துறைமுகத்தில் பெட்டி எவ்வளவு உறுதியாக இருந்தாலும் சீல் சரியில்லை என்றால் நிறுத்திவிடுவார்கள். ஆப்களும் அப்படியே. பிளே ஸ்டோர் இந்தப் பெட்டியை 'சான்றளிக்கப்படாத சாதனம்' என்கிறது. அதன் எண்ணை கூகுளிடம் பதிவு செய்தால் ஸ்டோர் திறக்கும். ஆனால் பல வங்கி ஆப்கள் இன்னும் கடுமையான சோதனை வைத்து மறுத்துவிடும். யு.பி.ஐ. ஆப்போ, பதிவு செய்யும்போது சிம்மிலிருந்து ஒரு எஸ்.எம்.எஸ். அனுப்பி, இது உன் போன்தான் என்று உறுதி செய்துகொள்கிறது. பெட்டிக்குள் சிம் ஏது? திருட்டைத் தடுக்க அந்தச் சோதனை தேவைதான். குறுக்கு வழியில் அதை ஏமாற்றப் பார்ப்பது நம் காசுக்கு நாமே வைக்கும் வேட்டு.

ஆனால் நோட்ஸுக்கும் அட்டெண்டன்ஸுக்கும் எதற்கு இந்தப் பூட்டு? பிரவுசரில் திறக்கிற ஒரு பக்கம் வைத்தால் கண்டெய்னரே தேவைப்படாது. ஆப் செய்கிறவர்கள் ஆளுக்கொரு போன் இருப்பதாக நினைத்துக்கொள்கிறார்கள். அப்பா திரும்பி வரும்வரை பாடத்துக்காகக் காத்திருக்கிற வீடுகளும் இந்த ரோட்டோரம்தான் இருக்கின்றன.