ஊர்ப்பெயர்

"இதில் கதை என்ன இருக்கிறது?" என்று கேட்டார் அறை நண்பர். என் கைப்பேசித் திரையில் பள்ளி மாணவியர் சிலர் மதிய உணவு உண்டுகொண்டிருந்தனர்.

கதை ஒன்றும் இல்லைதான். 'அசுமாங்கா டையோ' என்னும் ஜப்பானிய அனிமே அது. அசுமா கியோஹிகோ வரைந்த நான்கு கட்டச் சித்திரங்களைத் தழுவி, 2002-இல் 26 பகுதிகளாக வெளிவந்தது. உயர்நிலைப் பள்ளியில் மூன்றாண்டுகள். தேர்வு, விளையாட்டு விழா, கோடை விடுமுறை, முடிவில் பிரிவு. பத்து வயதிலேயே அவ்வகுப்புக்கு வந்துவிட்ட சியோ. பூனையைத் தடவக் கை நீட்டிக் கடிபடும் நெட்டைச் சகாகி. இவர்களைக் கண்டு வாய்விட்டுச் சிரித்தேன். என் சிரிப்பை நிறுத்தியவள் வேறொருத்தி.

ஒசாகாவிலிருந்து புதிதாக வந்து சேர்கிறாள் காசுகா ஆயுமு. அந்நகரத்தார் வேடிக்கைப் பேச்சில் வல்லவர் என்பது ஜப்பானில் வழங்கும் எண்ணம். இவளோ பகற்கனவு காணும் மந்தகதிக்காரி. ஆயினும் வகுப்பு அவளுக்கு 'ஒசாகா' என்றே பெயர் சூட்டிவிடுகிறது. சொந்தப் பெயர் மறைந்து போகிறது.

அன்பர்களே! ஆய்வுக்கூடத்தில் என்னைப் 'பாண்டி' என்று அழைப்பவர் உண்டு. கேலிதான், ஆனாலும் முள்ளாகத் தைக்கும். மாலையில் சாலைக்குத் திரும்பிய பிறகே மனம் ஆறும். கிழக்குக் கோட்டையிலிருந்து கிள்ளிப்பாலம் வரை நீளும் இக்கடைத்தெருவில் தமிழும் மலையாளமும் கலந்தே வியாபாரம் நடக்கிறது. மளிகைக் கடை அண்ணாச்சி என் பெயரைச் சொல்லி, "சாப்டாச்சா தம்பி?" என்பார்.

பின் ஏன் அத்தொடரை விடாமல் பார்த்தேன்? ஒசாகாவுக்கு ஊர்ப்பெயரைச் சூட்டியவர்களே தங்கள் நடுவில் இடமும் கொடுத்தார்கள். கோடையில் சியோவின் கடற்கரை வீட்டுக்கு அவளையும் அழைத்துச் சென்றார்கள். அவளுடைய அசட்டுக் கேள்விகளுக்கும் காது கொடுத்தார்கள். அதனால் அப்பெயர் அவளைச் சுடவில்லை.

இதை எண்ணியபடி ஓர் இரவு உணவுக் கடையில் அமர்ந்திருந்தேன். "பெங்காலி, தண்ணீர் கொண்டு வா" என்று ஒரு குரல் கேட்டது. குரல் என்னுடையது. பரிமாறும் அந்த இளைஞர் ஒடிசாக்காரர் என்பது எனக்குத் தெரியும். பெயர் தெரியாது. ஓராண்டாக அவர் கையால் உண்டும் கேட்டதில்லை.

அன்று கேட்டேன். சொல்லிவிட்டு, என் பெயரையும் கேட்டார்.

அறை நண்பர் கேட்ட கேள்விக்கு இதுவே என் மறுமொழி.