கையில் கன்ட்ரோலர், எதிரே மேசை

கன்ட்ரோலரின் நடுவில் இருக்கும் பொத்தானுக்கு விளையாட்டுக்குள் வேலை எதுவும் கிடையாது. பந்தை உதைப்பதும் காரைத் திருப்புவதும் மற்ற பொத்தான்களின் பொறுப்பு. நடுப்பொத்தான் கணினியோடு மட்டும்தான் பேசும். அது என்ன பேசுகிறது, கணினியில் அதைக் கேட்டுக்கொண்டிருப்பது யார் என்று நான் உட்கார்ந்து படிக்க நேர்ந்தது என் மனைவியின் கணக்கு வகுப்பால்.

எங்கள் வீட்டுக் கணினி முன்பு ஹாலில், டிவியோடு இணைந்திருந்தது. அப்போது அது விளையாட்டுக்கென்றே இருந்த இயந்திரம். ஸ்விட்சைப் போட்டால் விளையாட்டுகளுக்கான ஸ்டீம் செயலி தானே திறக்க வேண்டும், திறந்ததும் பிக் பிக்சர் மோட் என்ற அதன் முழுத்திரை முகப்புக்குப் போக வேண்டும், கீபோர்டைத் தொடாமலேயே நானும் மகனும் சோபாவில் உட்கார்ந்து விளையாட வேண்டும் என்று எல்லாவற்றையும் அமைத்திருந்தேன். டாஸ்க்பார் மறைந்து, பெரிய பெரிய அட்டைப்படங்களோடு திரை முழுவதும் விரியும் அந்த முகப்பு டிவிக்கு அவ்வளவு பொருத்தம். பிறகு மனைவி இணையவழியில் டியூஷன் எடுக்கத் தொடங்கினார். கணினி உள்ளறை மேசைக்கு, சின்ன மானிட்டருக்கு வந்தது. இடம் மாறியது, அமைப்புகள் மாறவில்லை.

பத்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு அவர் முக்கோணவியல் நடத்திக்கொண்டிருந்த ஒரு மாலை, திரை முழுவதையும் ஷேர் செய்திருந்தார். மகன் விளையாடிவிட்டு மேசை விளிம்பில் வைத்துப்போன கன்ட்ரோலர் அணையாமல் கிடந்தது. நகர்த்திவைத்த நோட்டு அதன் நடுப்பொத்தானில் அழுந்த, சைன், காஸ் எல்லாம் மறைந்து அத்தனை பிள்ளைகள் முன்னும் விளையாட்டுப் பட்டியல் விரிந்தது. "மிஸ், என்ன கேம் மிஸ் அது?" என்று ஒரு குரல். அதற்குப் பிறகு அன்றைக்குக் கணக்கு நடக்கவில்லை.

"ஏங்க, விளையாட வேண்டாம்னு சொல்லல. கிளாஸ் நேரத்துல இது வரக் கூடாது. பிள்ளைங்க கவனம் ஒரு தடவை கலைஞ்சா திரும்பப் பிடிக்கிறது எவ்வளவு கஷ்டம்னு எனக்குத்தான் தெரியும்" என்றார். அவர் சொன்னது முழு நியாயம். அதே நேரத்தில் கன்ட்ரோலரைத் தூக்கிப் பரணில் போடவும் எனக்கு மனமில்லை. கார் ஓட்டும் விளையாட்டில் கீபோர்டின் அம்புக்குறி விசை முழுதாகத் திருப்பும், இல்லையென்றால் திருப்பவே திருப்பாது. கன்ட்ரோலரின் குச்சியில் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று வளைக்கலாம். மகன் மேசையில் உட்கார்ந்தாலும் அதைத்தான் எடுப்பான். அதில் தவறில்லை.

இந்த முகப்பு ஏன் இப்படி இருக்கிறது என்பதிலிருந்து தொடங்கினேன். டிவி பார்ப்பவர் பத்தடி தள்ளி உட்கார்வார், கிட்டத்தட்ட மூன்று மீட்டர். மேசையில் மானிட்டருக்கும் கண்ணுக்கும் இரண்டடிதான் இடைவெளி. தூரம் ஐந்து மடங்கானால், எழுத்து அதே அளவில் கண்ணுக்குத் தெரிய அதுவும் ஐந்து மடங்கு பெரிதாக வேண்டும். ஸ்டீமை நடத்தும் வால்வ் நிறுவனம் 2012 செப்டம்பரில் சோதனைக்கு விட்டு டிசம்பரில் முழுமையாக வெளியிட்ட பிக் பிக்சர் மோட் இந்தக் கணக்கில் பிறந்தது. 2022இல் ஸ்டீம் டெக் என்ற கையடக்கக் கருவி வந்தது. அதன் திரை ஏழு அங்குலம். மறு ஆண்டு அந்தக் கருவியின் முகப்பே கணினியிலும் பழைய பிக் பிக்சரின் இடத்துக்கு வந்துவிட்டது.

ஏழு அங்குலத் திரைக்குச் செய்தது பெரிய டிவிக்கு எப்படிப் பொருந்தும் என்று எனக்குச் சந்தேகமாக இருந்தது. கணக்குப் போட்டுப் பார்த்தேன். பதினைந்து சென்டிமீட்டர் அகலத் திரையை நாற்பது சென்டிமீட்டர் தூரத்தில் பிடித்துப் பார்ப்பதும், ஐம்பத்தைந்து அங்குல டிவியைப் பத்தடி தள்ளிப் பார்ப்பதும் கண்ணுக்கு ஏறக்குறைய ஒரே அகலம். மேசையில் இருக்கும் இருபத்து நான்கு அங்குல மானிட்டரோ, இரண்டடியில் அதைப்போல இரண்டு மடங்குக்கும் அதிகமாகக் கண்ணை நிறைக்கிறது. ஹாலில் அழகாக இருந்த அதே திரை மேசையில் முகத்துக்கு நேரே வந்து மோதுவதுபோல் ஏன் இருந்தது என்பது அப்போதுதான் விளங்கியது. கையில் கன்ட்ரோலர் இருந்தால் ஆள் சோபாவில் இருக்கிறார் என்று அந்த அமைப்பு எடுத்துக்கொள்கிறது. எங்கள் ஹாலில் அது உண்மையாக இருந்தது. மேசையில் உண்மையில்லை.

இப்படி ஒரு திரை தானாகத் திறந்தால் ஸ்டீமையே அழித்துவிட்டுத் திரும்ப நிறுவலாமா என்றுதான் பலருக்கும் தோன்றும். அவசியமில்லை. எந்தக் கணத்தில் அது வருகிறது என்று பொறுமையாகக் கவனித்தால் போதும். கணினியைப் போட்டதுமா, பொத்தானைத் தொட்டதுமா, விளையாட்டுக்கு உள்ளே இருக்கும்போதா? ஒவ்வொன்றுக்கும் அமைப்பு வேறு. ஒன்றை நிறுத்தினால் மற்றொன்று நிற்காது. "நிறுத்தியாச்சு, மறுபடியும் வருதே" என்று பலர் சலித்துப்போவது இதனால்தான்.

எங்கள் வீட்டில் ஒன்றுக்கு மேற்பட்ட வழிகளில் வந்துகொண்டிருந்தது. கணினி போட்டதும் வருவதற்கான காரணம் எளிது. ஸ்டீம் செட்டிங்ஸில் இன்டர்ஃபேஸ் என்ற பகுதியில், 'ஸ்டார்ட் ஸ்டீம் இன் பிக் பிக்சர் மோட்' என்பது ஆன் நிலையில் இருந்தது. அணைத்தேன். அப்படியும், டெஸ்க்டாப்பில் இருந்த ஒரு பழைய ஷார்ட்கட்டைத் தட்டினால் மட்டும் முழுத்திரையிலேயே திறந்தது. அதன் பிராப்பர்ட்டீஸுக்குள் போய் டார்கெட் வரியைப் பார்த்தால், கடைசியில் சிறுகோடு போட்டு 'டென்ஃபுட்' என்று ஒரு சொல். ஹால் காலத்தில் நான் சேர்த்தது. 'பிக்பிக்சர்', 'கேம்பேட்யுஐ' என்று இருந்தாலும் வேலை அதுதான். கோட்டோடு சேர்த்து அழித்தால் ஷார்ட்கட் சாதாரணமாகத் திறக்கும்.

வகுப்பைக் கலைத்தது இவற்றில் எதுவுமில்லை, நடுப்பொத்தான்தான். ஸ்டீம் செட்டிங்ஸில் கன்ட்ரோலர் பகுதியில் 'கைடு பட்டன் ஃபோகஸஸ் ஸ்டீம்' என்று ஒரு அமைப்பு இருக்கிறது. கன்ட்ரோலரில் அந்தப் பொத்தானை அழுத்தினால், கணினியில் வேறு எது ஓடிக்கொண்டிருந்தாலும் ஸ்டீமை முன்னுக்குக் கொண்டுவா என்பது அதன் பொருள். சோபாவில் இருப்பவருக்கு இது பெரிய உதவி. மவுஸுக்காக எழுந்து போக வேண்டாம். வேலை, படிப்பு, விளையாட்டு எல்லாம் ஒரே மேசையில் நடக்கும் வீடுகளில் முதலில் பார்க்க வேண்டிய இடம் இதுதான் என்பேன். அதை அணைத்த பிறகு, மனைவி வகுப்புக்கான திரையைத் திறந்துவைத்துக்கொண்டு தானே கன்ட்ரோலரைக் கையில் எடுத்து அழுத்திப் பார்த்தார்.

முழுத்திரை வரவில்லை. வேறொரு சிறு பட்டை வந்தது. விண்டோஸின் கேம் பார் அது. அதே பொத்தானை விண்டோஸும் காதுகொடுத்துக் கேட்டுக்கொண்டிருக்கிறது. விண்டோஸ் செட்டிங்ஸில் கேமிங், அதற்குள் கேம் பார். கன்ட்ரோலரால் அதைத் திறக்க அனுமதிக்கும் ஒரே ஒரு ஸ்விட்ச். அதையும் அணைத்ததும் பொத்தான் அமைதியானது. திரை முழுவதும் மாறினால் ஸ்டீம், நடப்பதன் மேலே பட்டைகள் மட்டும் மிதந்தால் கேம் பார். இந்த வேறுபாடு தெரியாமல் ஒன்றின் அமைப்புக்குள் மற்றதைத் தேடினால் மணிக்கணக்கில் கிடைக்காது.

விளையாட்டின் நடுவே ஷிஃப்ட்டும் டேபும் அழுத்தினால் அதன் மேலே வரும் ஸ்டீம் திரை, கன்ட்ரோலர் பிடித்திருக்கும்போது பிக் பிக்சர் வடிவில் வருவதற்கு ஸ்டீமின் இன் கேம் பகுதியில் தனி அமைப்பு உண்டு. மகனுக்கு அது பிடித்திருந்ததால் விட்டுவிட்டேன்.

ஒரு விஷயத்தை அழுத்திச் சொல்ல வேண்டும். இந்தத் தொல்லைக்குத் தீர்வாக ஸ்டீம் இன்புட்டை அணைத்துவிடும்படி பலரும் சொல்வார்கள். விளையாட்டின் பிராப்பர்ட்டீஸில் கன்ட்ரோலர் என்ற இடத்தில் அதை அணைக்க முடியும். ஆனால் ஸ்டீம் இன்புட் செய்வது வேறு வேலை. கணினி விளையாட்டுகளில் பல, எக்ஸ்பாக்ஸ் கன்ட்ரோலர் பேசும் எக்ஸ்இன்புட் முறையை மட்டுமே அறிந்தவை. எங்களிடம் இருப்பது பிளேஸ்டேஷன் கன்ட்ரோலர். நடுவில் நின்று அதன் பேச்சை விளையாட்டுக்குப் புரியும்படி மாற்றித் தருவது ஸ்டீம் இன்புட். அதை அணைத்தால் அப்படிப்பட்ட விளையாட்டுகளில் கன்ட்ரோலர் செத்த கட்டைபோல் கிடக்கும். 'கன்ட்ரோலர் பழுதாயிடுச்சு' என்று நினைத்து ஒருவர் புதிது வாங்கவும் கூடும். முகப்பு வேறு, மொழிபெயர்ப்பு வேறு. வேண்டாதது முகப்பு மட்டும்தான்.

விடுமுறை நாட்களில் இப்போதும் ஹாலில் விளையாடுகிறோம். டிவியில் ஸ்டீம் லிங்க் செயலி இருக்கிறது. உள்ளறைக் கணினியின் விளையாட்டை வீட்டு வைஃபை வழியாக அங்கே கொண்டுவந்துவிடும். அப்படி இணையும்போது கணினியில் பிக் பிக்சர் திறக்கும். அதை நான் தடுக்கவில்லை. அந்த நேரத்தில் உட்கார்ந்திருப்பது சோபாவில்தானே. வகுப்பு நேரத்தில் மட்டும் டிவியிலிருந்து இணைக்கக் கூடாது என்று மகனிடம் சொல்லியிருக்கிறேன். அதற்கு அமைப்பு தேவைப்படவில்லை, பேச்சு போதுமானதாக இருந்தது. மேசையிலேயே எப்போதாவது பெரிய முகப்பு வேண்டுமென்றால் ஸ்டீமின் வியூ மெனுவில் இருக்கிறது. வெளியேற, அதன் பவர் மெனுவிலேயே வழி உண்டு.

தொடாமல் கிடக்கும் கன்ட்ரோலர் எவ்வளவு நேரத்தில் தானே அணைய வேண்டும் என்பதையும் ஸ்டீமின் கன்ட்ரோலர் பகுதியில் குறித்துவைக்கலாம். அதைக் குறைத்துவைக்கச் சொன்னவர் மனைவி. பேட்டரியும் மிஞ்சுகிறது.