மகளுக்கு ஒரு கட்டில்

எங்களவர் வீடுகளில் பிள்ளைக்கென்று தனியாக ஒரு கட்டில் வாங்குவது சின்ன விடயம் அல்ல. சைக்கிள் வாங்கலாம், பிறந்தநாளுக்கு மண்டபம் எடுக்கலாம், அதையெல்லாம் யாரும் ஏன் என்று கேட்பதில்லை. கட்டில் என்றவுடன் எல்லோருக்கும் கேள்வி வந்துவிடும். எங்கள் வீட்டுக்கு அந்தக் கேள்வி ஊரிலிருந்து ரெலிபோனில் வந்தது. கேட்டவர் என் மாமியார்.

"தம்பி, நாலு வயசுப் பிள்ளையைத் தனியப் படுக்க விடப்போறியளோ? இரவில எழும்பித் தேடாதோ?"

நான் மனைவியைப் பார்த்தேன். மனைவி கட்டிலைப் பார்த்தார். அப்போது அது கட்டிலாக இருக்கவில்லை, மூன்று மட்டைப்பெட்டிகளாக ஹோலில் கிடந்தது.

மாமி கேட்டதில் பிழை ஒன்றும் இல்லை. எங்கள் ஊரில் பிள்ளைக்கு முதலில் ஏணை, ஏணையால் இறங்கினால் தாயின் பாய், பிறகு அம்மம்மாவின் பாய். வீட்டில் ஒரு கட்டில் இருந்தால் அது வயது போனவருக்கும் வருத்தக்காரருக்கும் உரியது. விறாந்தையில் ஒரு சாக்குக்கட்டில் வருகிறவர்களுக்காகச் சாத்தி வைத்திருக்கும். மற்றவர்கள் எல்லோரும் வரிசையாகப் பாயில்தான். இடம்பெயர்ந்து திரிந்த காலத்தில் அந்தப் பாயைச் சுருட்டித் தலையில் வைத்துக்கொண்டு நடக்கக்கூடியதாக இருந்தது என்பதையும் சொல்ல வேண்டும். கட்டிலைத் தூக்கிக்கொண்டு ஓடியவர் எவரையும் நான் காணவில்லை.

இந்த நாட்டில் எனக்குக் கிடைத்த முதற் கட்டில் நிலத்துக்குக் கீழே இருந்தது. யுத்தம் வந்தால் மக்கள் ஒதுங்குவதற்கென்று சுவிஸில் 1963 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி பாதுகாப்பு அறைகள் கட்டினார்கள். யுத்தம் இங்கே வரவில்லை, யுத்தத்தில் இருந்து ஓடி வந்த நாங்கள் வந்தோம். பெரிய நிலக்கீழ் மண்டபங்கள் சிலவற்றில் அகதிகளைத் தங்க வைத்தார்கள். தட்டுத்தட்டாகக் கட்டில்கள், யன்னல் கிடையாது, இரவா பகலா என்பதை மணிக்கூட்டைப் பார்த்துத்தான் அறிய வேண்டும். எனக்கு முன்னர் வந்த அண்ணன்மார் சிலரும் இதே கதையைச் சொல்லுவார்கள். அங்கே ஒரு ஆளுக்கு ஒரு மெத்தை. ஆனாலும் சுற்றிவர முப்பது பேருடைய குறட்டை. ஆகவே ஒரு அறையில் தனியப் படுப்பது எப்படி இருக்கும் என்பது எனக்கும் பழக்கமில்லாத சங்கதிதான். மனைவிக்கும் அப்படியே.

பிறகு ஏன் கட்டில் வாங்கினோம் என்று கேட்பீர்கள். மகள் ஓகஸ்டில் கிண்டர்கார்ட்டன் தொடங்கினாள். இங்கே பெரும்பாலான மாநிலங்களில் யூலை 31 இற்கு முன் நாலு வயது முடிந்த பிள்ளை அந்த ஓகஸ்டிலேயே போக வேண்டும். எனக்குத் தொழிற்சாலையில் ஒரு கிழமை காலை வேலை, மறு கிழமை பின்னேர வேலை. காலை வேலை என்றால் நாலரைக்கு எழும்ப வேண்டும், பின்னேர வேலை என்றால் வீடு வந்து சேர இரவு பத்தே முக்கால் ஆகிவிடும். 160 சென்ரிமீற்றர் அகலக் கட்டிலில் மூவரும் படுத்தால், நான் எழும்பினாலும் பிள்ளை எழும்பும், நான் வந்து படுத்தாலும் பிள்ளை எழும்பும். எழும்பினால் கதை கேட்கும்.

ஒக்ரோபரில் பெற்றோர் சந்திப்புக்குப் போனபோது, பிள்ளை பத்து மணிக்கே கொட்டாவி விடுகிறாள், இரவில் எப்படித் தூங்குகிறாள் என்று ஆசிரியை கேட்டார். மனைவிக்கு முகம் சுருங்கிப் போய்விட்டது. எங்கள் வளர்ப்பைக் குறை சொல்லுகிறார் என்று வரும்வழியில் சொன்னார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. பிள்ளை நித்திரை தூங்குவதைக் கண்டால் யாரும் கேட்பார்கள்தானே. பிள்ளை பெற்றோருடன் படுக்கக்கூடாது என்று இங்கே சட்டம் எதுவும் கிடையாது. எங்களுக்குள் உலாவும் கதைகளை நம்பிப் பயப்பட வேண்டியதில்லை. கைக்குழந்தைக்கு முதல் ஒரு வருடம் பெற்றோரின் அறையிலேயே, ஆனால் தன் சொந்தப் படுக்கையில் என்று பிள்ளை வைத்தியர்கள் சொல்லுவார்கள். அதற்குப் பிறகு அது அந்தந்தக் குடும்பத்தின் பாடு.

ஆக, கட்டில் வாங்கியது ஆசிரியைக்காக அல்ல, பிள்ளையின் நித்திரைக்காக. ஆனால் எந்த மாதிரிக் கட்டில் என்பதில்தான் எங்கள் இருவருக்கும் யோசனை வந்தது.

மெத்தையை மட்டும் வாங்கி நிலத்தில் போடுவோம், விழுந்தாலும் பயமில்லை என்றார் மனைவி. ஊர் என்றால் அது சரி. இங்கே சரிவராது. ஒரு இரவில் ஒரு ஆளின் உடம்பிலும் மூச்சிலும் இருந்து ஏறத்தாழக் கால் லீற்றர் ஈரம் வெளியேறுகிறது. அதில் ஒரு பங்கு மெத்தைக்குள் இறங்கும். குளிர்ந்த நிலத்தில் கிடக்கும் மெத்தைக்கு அடியில் காற்றோட்டம் இல்லாததால் அது தண்ணீராகிப் பூஞ்சணம் பிடிக்கும். பிள்ளைக்கு இழுப்பு வருவது ஒரு பக்கம், வீட்டுக்காரர் நிலத்தைப் பார்த்துவிட்டுக் கணக்கு அனுப்புவது மறுபக்கம். ஆகவே மெத்தைக்குக் கீழே ஏதாவது இருந்தே ஆக வேண்டும்.

இங்கே வழமையாக இருப்பது 'லாட்டன்றோஸ்ற்' என்கிற வளைந்த மரச்சலாகைத் தட்டு. இதில் ஒரு சுவிஸ்காரருக்கும் பங்குண்டு. ஹூகோ டேகன் என்பவரும் ஜேர்மனியரான கார்ல் தோமஸ் என்பவரும் சேர்ந்து உருவாக்கிய வளையும் சலாகைத் தட்டு 1957 இல் விற்பனைக்கு வந்தது. நல்ல சாமான்தான், காற்றோட்டமும் உண்டு. ஆனால் நாலு வயதுப் பிள்ளை அதன்மேல் துள்ளினால் சலாகைகள் பிளாஸ்ரிக் பிடியிலிருந்து கழன்றுவிடும். சிநேகிதர் வீடுகளில் பார்த்திருக்கிறேன். இன்னொரு சிநேகிதர், "அடுத்ததுக்கும் சேர்த்து ரெண்டு தட்டாய் எடும்" என்று பகிடியாகச் சொன்னார். மேற்தட்டு ஆறு வயதுக்குக் குறைந்த பிள்ளைகளுக்கு உகந்ததல்ல. தட்டுக்கட்டில் என்ற சொல்லே எனக்கு அந்த நிலக்கீழ் அறையைத்தான் ஞாபகப்படுத்தும், அதையும் சொல்லத்தான் வேண்டும்.

கடைசியில் 'பொக்ஸ் ஸ்பிறிங்' என்று முடிவெடுத்தோம். பெயர் பெரிது, சாமான் எளிது. மரத்தால் ஒரு பெட்டி, அதற்குள் ஸ்பிறிங்குகள், மேலே துணி. அந்தப் பெட்டிக்கு மேல் மெத்தை. பாரம் ஒரு இடத்தில் விழுந்தால் பல ஸ்பிறிங்குகள் சேர்ந்து தாங்கும். எனக்கு வேண்டியது அதுதான். பிள்ளை தனியப் படுக்கும், சரி. ஆனால் காய்ச்சல் வந்தால் மனைவி பக்கத்தில் படுக்க வேண்டும், கதை சொல்ல நான் விளிம்பில் இருக்க வேண்டும். 70 இற்கு 140 அளவில் வரும் சின்னப் பிள்ளைக் கட்டில் அதற்குச் சரிவராது, இரண்டு மூன்று வருடத்தில் காலும் நீட்ட இடமிருக்காது. எனவே 90 இற்கு 200. இந்த நாட்டில் சின்னக் கட்டில் என்றால் அந்த அளவுதான். பெரியவர் ஒருவரும் பிள்ளையும் ஒட்டிப் படுக்கலாம். இதைச் சொன்ன பிறகுதான் மனைவி சம்மதித்தார்.

பூட்டிய பெட்டி எங்கள் மாடிப்படி வளைவில் திரும்பாது. அதனால் கழற்றிய பலகைகளாக வருவதையே வாங்கினோம். சாமானைக் கழற்றித் தட்டையாக அடுக்கி விற்கும் முறையைப் பிரபலமாக்கியது இக்கேயா. 1956 இல் அங்கே வேலை செய்த கில்லிஸ் லுண்ட்கிரென் ஒரு மேசையைக் காருக்குள் ஏற்ற முடியாமல் காலைக் கழற்றினாராம், அதிலிருந்து தொடங்கியது என்று சொல்லுவார்கள். ஸ்கன்டிநேவியாவுக்கு வெளியே அவர்கள் திறந்த முதற் கடை எங்கள் ஸ்பிறைற்றன்பாகில்தான், 1973 இல். அதன் முதலாளி இங்வார் கம்பிறாட்டும் 1976 முதல் 2014 வரை சுவிஸில் வாழ்ந்தவர். லவுசானுக்குப் பக்கத்தில் இருந்தார். (அவரும் வெளிநாட்டில் இருந்து வந்து குடியேறியவர்தான் என்று எங்கள் இடைவேளை அறையில் ஒரு கதை வரும்.)

எங்கள் கட்டில் வேறொரு கடையில் எடுத்தது. சனிக்கிழமை பின்னேரம் கொண்டுவந்து இறக்கினேன். மறுநாள் ஞாயிறு. ஞாயிற்றுக்கிழமை துளைபோடவும் சுத்தியலால் அடிக்கவும் கூடாது என்பது இங்கே சிறு பிள்ளைக்கும் தெரியும். கீழ் வீட்டு அம்மா நல்லவர், ஆனால் காது கூர்மை. ஆகவே மரக்குச்சிகளைச் சனிக்கிழமையே தட்டி இறக்கிவிட்டு, திருகாணிகளை ஞாயிறுக்கு வைத்தேன். ஆறுகோணச் சாவிக்குச் சத்தம் இல்லை. இதை இங்கே 'இம்புஸ்' என்பார்கள். சரியான பெயர் 'இன்புஸ்'. ஜேர்மனியில் 1936 இல் பவுவர், ஷவுற்ற என்ற கொம்பனி பதிவுசெய்த ஆறுகோணத் திருகாணியின் சுருக்கப் பெயர் அது.

வேலை செய்யும் இடத்தில் எங்களுக்கு முதலில் சொல்லித் தருவது, எந்தச் சட்டத்தையும் பூட்டும்போது ஒரு திருகாணியையும் முதலிலேயே இறுக்காதே என்பதுதான். எல்லாவற்றையும் கையால் பாதி பூட்ட வேண்டும், பிறகு மூலை பார்க்க வேண்டும், அதன் பிறகுதான் இறுக்க வேண்டும். மூலை பார்ப்பதற்குப் பெரிய கருவி தேவையில்லை. அளவுநாடாவால் ஒரு மூலையிலிருந்து எதிர் மூலைக்கு அளக்க வேண்டும், பிறகு மற்ற இரண்டுக்கும். இரண்டும் ஒன்றென்றால் பெட்டி நேர். நான் ஓ.எல். உடன் பள்ளிக்கூடத்தை விட்டவன், ஆனால் பைதகரஸ் மறக்கவில்லை. 90 ஐயும் 200 ஐயும் வர்க்கித்துக் கூட்டினால் 48,100, அதன் வர்க்கமூலம் 219 சொச்சம். மனைவி நாடாவின் மறுநுனியைப் பிடித்தார். ஒரு பக்கம் 219, மறுபக்கம் 220. காலால் மெதுவாக ஒரு தள்ளு. இரண்டும் 219 இல் வந்து நின்றது. பிறகுதான் சாவி.

பையில் ஒரு திருகாணி குறைவாக இருந்தது. கடைக்கு எழுதினால் இரண்டு கிழமை என்றார்கள். திங்கள் வேலை முடிய கட்டடச் சாமான் கடையில் அதே எம் 6 திருகாணி ஒன்று வாங்கினேன். கட்டிலோடு வந்த சாவி 4 மில்லிமீற்றர், கடைத் திருகாணியின் தலைக்கு 5 வேண்டும். என்னிடம் இருந்தது. இல்லாதவர்கள் இரண்டையும் சேர்த்து வாங்குவது நல்லது.

ஸ்பிறிங்குகள் உருளையாகச் சுருட்டி, காற்று எடுத்த பிளாஸ்ரிக்கில் வந்தன. வெட்டியவுடன் பெரிய மூச்சு விட்டதுபோல் எழும்பியது. மகள் கைதட்டினாள். ஒவ்வொரு ஸ்பிறிங்கும் தன் சொந்தத் துணிப்பைக்குள் இருக்கும், ஒன்று அமத்துப்பட்டால் பக்கத்தில் உள்ளது அவ்வளவாக அசையாது. இந்தப் பைமுறை கனடாவில் ஜேம்ஸ் மார்ஷல் என்ற பொறியியலாளர் ஏறத்தாழ 1900 ஆம் ஆண்டளவில் கண்டுபிடித்தது. நிமிர்ந்து வர ஒரு நாள் விட்டோம்.

அதைப் பார்த்துக்கொண்டிருந்தபோது மனைவி கேட்டார், "இஞ்சாருங்கோ, ஏணைக்குப் போட்ட ஸ்பிறிங் எங்கை?"

நிலவறையில் பெட்டிக்குள் இருந்தது. இங்கே வாடகை வீட்டுச் சீமெந்துத் தட்டில் கொளுக்கி அடிக்க முடியாது என்பதால் இரும்புத் தாங்கி ஒன்றில் மாட்டி, மனைவியின் பருத்திச் சேலையைக் கட்டி, அதில்தான் மகளை ஆட்டினோம். எடுத்து வந்து இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தோம். ஏணை ஸ்பிறிங் இழுபடுகிற சாதி. சுருள்கள் ஒன்றோடொன்று ஒட்டியிருக்கும், பாரம் தொங்கினால் விரியும். கட்டில் ஸ்பிறிங் அமத்துப்படுகிற சாதி. சுருள்களுக்கிடையில் வெளி இருக்கும், பாரம் ஏறினால் நெருங்கும். தொழிற்சாலையில் இரண்டையும் வேறு வேறு தட்டில் போடுவோம். மகள் ஏணை ஸ்பிறிங்கை இழுக்கப் பார்த்தாள். அசையவில்லை. "இதிலயா நான் படுத்தனான்?" என்று கேட்டாள். மனைவி மாமிக்குப் படம் எடுத்து அனுப்பினார்.

எங்கே வைப்பது என்பதை மனைவிதான் தீர்மானித்தார். எங்கள் அறைக்கும் பிள்ளையின் அறைக்கும் நடுவில் உள்ள சுவரோடு. இருமினால் கேட்கும். வெளிச்சுவரோடு வைத்திருந்தால் குளிரும் ஈரமும். நடுச்சுவர் என்றாலும் கொஞ்சம் இடைவெளி விட்டோம். துணி மூடிய பெட்டிக்குச் சலாகைத் தட்டு அளவுக்குக் காற்றோட்டம் கிடையாது. ஆகவே பத்து சென்ரிமீற்றர் காலாவது இருக்க வேண்டும், கீழே சூட்கேஸ்களைத் தள்ளி அடைக்கக்கூடாது. எங்கள் வீடுகளில் கட்டிலுக்குக் கீழே என்ன இருக்கும் என்பது எனக்குத் தெரியும், அதனால்தான் சொல்லுகிறேன்.

முதல் இரவு மகள் எட்டு மணிக்குப் படுத்தாள். இரண்டு மணிக்குத் தலையணையோடு எங்களிடம் வந்துவிட்டாள். இரண்டாம் இரவும் அப்படியே. மூன்றாம் இரவு மனைவி போய் அங்கே படுத்தார். நான் 160 இல் தனிய. நித்திரை வரவில்லை. அடுத்த கிழமை எனக்குப் பின்னேர வேலை. பத்தே முக்காலுக்கு வந்து எட்டிப் பார்த்தேன். குறுக்கே கிடந்து நல்ல நித்திரை. கதவுச் சத்தத்துக்கு அசையவில்லை. காலையில் எழும்பிக் கிண்டர்கார்ட்டனுக்குத் தானே சப்பாத்துப் போட்டாள். இப்போதும் கிழமையில் இரண்டு நாள் எங்களிடம் வருகிறாள். வரட்டும் என்று விட்டிருக்கிறோம்.

பூட்டி ஒரு மாதம் கழித்து எல்லாத் திருகாணிகளையும் ஒருமுறை இறுக்கிப் பார்க்க வேண்டும். குளிர்காலத்தில் வீட்டுச் சூட்டுக்கு மரம் கொஞ்சம் சுருங்கும். போன ஞாயிறு சாவியோடு படுத்துக் கிடந்து பார்த்தேன். இரண்டு திருகாணி அரைச் சுற்று இளகியிருந்தது. இரண்டும் நாங்கள் போய் இருக்கும் பக்கத்தில்.