எண் நிரம்பினால் என்ன ஆகும்?

சி மொழியில் ‘அ’ என்றொரு முழு எண். அதோடு 100 கூட்டினால் விடை ‘அ’-வை விடப் பெரிதாக இருக்கிறதா என்று ஒரு சோதனை. 32 பிட்டில் அடங்காமல் எண் நிரம்பிவிட்டால் விடை சுற்றிக்கொண்டு மைனஸுக்குப் போய்விடும், சோதனை அதைப் பிடித்துவிடும் என்று நம்பி எத்தனையோ பேர் எழுதிய வரி இது. ஆப்டிமைசேஷனைப் போட்டுக் கம்பைல் செய்துவிட்டு அசெம்பிளியைத் திறந்து பார்த்தால், அந்தச் சோதனையே இருக்காது. கம்பைலர் அதைத் தூக்கியிருக்கும்.

2007 ஜனவரியில் ஜிசிசி கம்பைலரின் மேல் பதிவான 30475-ஆம் எண் பக் புகார் இதைப் பற்றியதுதான். ‘அ’-வுக்கு 2147483647 கொடுத்து ஓட்டினால், கூட்டிய விடையாக -2147483549 அச்சாகிறது. அதற்கு முந்தைய வரியில் நிற்கும் அஸெர்ட் வாயே திறக்கவில்லை. கூட்டுத்தொகை பெரிதுதான் என்று சோதனை ஒப்புக்கொள்கிறது, அடுத்த வரி மைனஸைக் காட்டுகிறது. புகாருக்குக் கிடைத்த பதிலின் சாரம்: குறியுள்ள முழு எண் நிரம்பினால் என்ன நடக்கும் என்பதைத் தரநிலை வரையறுக்கவில்லை, ஆகவே அது நடக்காது என்று வைத்துக்கொள்ள கம்பைலருக்கு உரிமை உண்டு, சுற்றித்தான் வரவேண்டும் என்றால் அதற்கென்று தனி ஆப்ஷன் இருக்கிறது.

இப்படிப்பட்ட சோதனைகள் மலிந்த பழைய நிரல் ஒன்றைப் பராமரிக்கும் பொறுப்பு என்னிடம் வந்தபோது அந்தப் புகாரை முழுக்கப் படித்தேன். கம்பைலர்காரர்கள் சொன்னது விதிப்படி சரி. ஆனால் இந்த விதி எங்கிருந்து வந்தது, எதற்காக எழுதப்பட்டது என்ற கேள்வி என்னை விடவில்லை.

முதலில் எடுத்தது கெர்னிகனும் ரிச்சியும் 1978-இல் வெளியிட்ட புத்தகத்தின் முதல் பதிப்பு. அதன் பின்னிணைப்பில் விஷயம் சுருக்கமாக இருக்கிறது: நிரம்பி வழிவதை எப்படிக் கையாள்வது என்பது அந்தந்த மெஷினைப் பொறுத்தது, இன்றிருக்கும் சி கம்பைலர்கள் எல்லாமே முழு எண் நிரம்புவதைக் கண்டுகொள்வதில்லை. ‘மெஷினைப் பொறுத்தது’ என்றால் மெஷின் என்ன செய்கிறதோ அது நடக்கும் என்றுதான் எவரும் புரிந்துகொள்வார்கள். சோதனை வரியைக் காணாமல் அடிக்கும் உரிமை இதில் எங்கேயும் தென்படவில்லை.

அப்படியானால் மாற்றம் அதற்குப் பிறகுதான் வந்திருக்க வேண்டும். 1983-இல் அமைக்கப்பட்ட எக்ஸ்3ஜே11 குழு 1989-இல் சி-யின் முதல் தரநிலையை முடித்தது. மெஷினுக்கு மெஷின் வேறுபடும் விஷயங்களை அந்தக் குழு மூன்றாகப் பிரித்தது. கம்பைலர் தான் செய்வதை ஆவணத்தில் எழுதிவைக்க வேண்டியவை ஒரு வகை. பலவற்றில் எதையாவது செய்யலாம், எழுதிவைக்கத் தேவையில்லை என்பவை இன்னொரு வகை. மூன்றாவது, எந்த நிபந்தனையும் இல்லாத ‘வரையறுக்கப்படாத நடத்தை’. எண் நிரம்புவது இந்த மூன்றாவதில் போய்ச் சேர்ந்தது. பின்னர் 1999 தரநிலையில், வரையறுக்கப்படாத நடத்தைக்கு உதாரணமாகவே இதைக் காட்டியிருக்கிறார்கள்.

ஏன் முதல் வகையில் வைக்கவில்லை? இதற்குப் பழைய மெஷின்களைப் பார்த்தாக வேண்டும். நான்கே பிட் உள்ள ஒரு எண்ணை எடுத்துக்கொள்வோம். 0111 என்பது 7. ஒன்றைக் கூட்டினால் 1000. இன்று எல்லோரும் பயன்படுத்தும் டூஸ் காம்ப்ளிமென்ட் முறையில் இது -8. யூனிவாக் 1100 வரிசையின் 36 பிட் மெஷின்கள் பின்பற்றிய ஒன்ஸ் காம்ப்ளிமென்ட் முறையில் இதே 1000 என்பது -7. இன்னும் சில மெஷின்களில் விடை என்ற ஒன்றே வராமல் போகலாம். ஐபிஎம் 370-இல் ஒரு மாஸ்க் பிட்டைப் போட்டுவைத்தால், எண் நிரம்பியதும் இன்டரப்ட் வந்து நிரல் நின்றுவிடும். மிப்ஸ் ப்ராசசரில் கூட்டலுக்கே இரண்டு கட்டளைகள் உண்டு: ஒன்று டிராப் எழுப்பும், மற்றொன்று பேசாமல் சுற்றிவிடும். இத்தனைக்கும் பொதுவாக ஒரே விடையை விதித்தால், ஏதோ ஒரு மெஷினில் ஒவ்வொரு கூட்டலுக்கும் கூடுதல் கட்டளைகள் தேவைப்படும். சி-யின் பெருமையே வேகம்தான். குழு கைவைக்காமல் விட்டதில் எனக்குக் குறை தெரியவில்லை.

தேடலில் என்னை நிமிர்ந்து உட்காரவைத்தது வேறொரு பக்கம். தரநிலையோடு குழு தன் காரணங்களை விளக்கும் ஆவணம் ஒன்றையும் வெளியிட்டது. சிறிய குறியற்ற எண்கள் கணக்குக்குள் வரும்போது குறியுள்ள வகைக்கு மாற வேண்டுமா, குறியற்ற வகைக்கா என்ற பழைய சண்டையைத் தீர்க்கும் இடம் அதில் வருகிறது. இரண்டு வழியிலும் பெரும்பாலும் ஒரே பலன்தான் என்று குழு வாதிடுகிறது. காரணம்: அன்றைய கம்பைலர்களில் பெரும்பாலானவை டூஸ் காம்ப்ளிமென்ட், அவற்றில் எண் நிரம்பினால் சத்தமில்லாமல் சுற்றிவிடும். அதாவது, நிரம்புவதை வரையறுக்க மறுத்த அதே குழு, நடைமுறையில் அது சுற்றும் என்பதை நம்பியே இன்னொரு முடிவை எடுத்திருக்கிறது. வரையறுக்காமல் விட்டதைப் பின்னாளில் ஆப்டிமைசர்கள் இப்படிப் பயன்படுத்தும் என்று அவர்கள் எதிர்பார்த்திருந்தால், இந்த வாதத்தை வைத்திருக்க மாட்டார்கள் என்றே நினைக்கிறேன்.

குறியுள்ள வகைக்கு மாற்றும் அந்த முடிவின் பலனை இன்றும் பார்க்கலாம். குறியற்ற 16 பிட் எண்கள் இரண்டு, இரண்டிலும் 65535. பெருக்கினால் 4294836225. குறியற்ற எண்கள் நிரம்பினால் சுற்ற வேண்டும் என்று தரநிலை தெளிவாகவே சொல்கிறது. ஆகவே இங்கே ஆபத்தில்லை என்று தோன்றும். ஆனால் பெருக்கலுக்கு முன் இரண்டும் குறியுள்ள 32 பிட் எண்களாக மாறிவிடுகின்றன. அதன் உச்சம் 2147483647. எழுதியவர் குறியற்ற வகையை மட்டுமே தொட்டிருந்தும், நடப்பது வரையறுக்கப்படாத நடத்தை.

கம்பைலர்காரர்களின் பக்கமும் வெறும் பிடிவாதம் இல்லை. 64 பிட் மெஷினில் 32 பிட் எண்ணை வைத்து லூப் ஓட்டும்போது, அந்த எண் சுற்றாது என்று வைத்துக்கொண்டால் ஒவ்வொரு சுற்றிலும் அதை 64 பிட்டாக நீட்டும் வேலை மிச்சம். லூப் எத்தனை முறை ஓடும் என்பதையும் முன்கூட்டியே கணக்கிட்டுவிடலாம். வேகம் நிஜமாகவே கிடைக்கிறது. எனக்குள்ள ஆட்சேபம் ஒன்றுதான்: மெஷின்களின் வேறுபாட்டுக்காகத் தந்த விலக்கு ஆப்டிமைசரின் உரிமையாக மாறியபோது, விதியின் சாரம் மாறாததால், நிரல் எழுதுகிறவர்களுக்கு அது தெரியவே இல்லை. பஃபரின் முகவரியோடு நீளத்தைக் கூட்டி, சுற்றிவிட்டதா என்று பார்க்கும் பாதுகாப்புச் சோதனைகளும் இதே பாணியில் காணாமல் போவதாக 2008-இல் செர்ட் அமைப்பு எச்சரிக்க வேண்டியிருந்தது. லினக்ஸ் கெர்னல் இந்த அனுமானத்தை ஆப்ஷன் போட்டு அணைத்துவிட்டுத்தான் கம்பைல் ஆகிறது.

2018-இல் சி++ குழுவின் முன் வந்த யோசனை ஒன்று இரண்டையும் சேர்த்தே கேட்டது: டூஸ் காம்ப்ளிமென்ட்டைக் கட்டாயமாக்குங்கள், எண் நிரம்பினால் சுற்றும் என்றும் எழுதுங்கள். முதல் பாதி 2020 தரநிலையில் ஏறியது, இரண்டாவது கைவிடப்பட்டது. சி-யின் 2023 பதிப்பும் அதே வழியில் டூஸ் காம்ப்ளிமென்ட்டைக் கட்டாயமாக்கி, நிரம்புவதை வரையறுக்காமலே விட்டது. -8-ஆ -7-ஆ என்ற பழைய காரணம் அத்தோடு போய்விட்டது. மிச்சமிருக்கும் காரணங்களில் பெரியது வேகம். அதை விதியின் பக்கத்திலேயே எழுதிவைத்திருக்க வேண்டும்.

அதே 2023 பதிப்பு, கூட்டல், கழித்தல், பெருக்கல் மூன்றுக்கும் எண் நிரம்பியதா என்பதைச் சேர்த்தே சொல்லும் தனி வசதியைத் தந்திருக்கிறது. புதிய கம்பைலர் இருக்கும் இடங்களில் பழைய சோதனைகளை அதற்கு மாற்றிவருகிறேன். இல்லாத இடங்களில் கூட்டுவதற்கு முன்பே, உச்ச எண்ணிலிருந்து 100-ஐக் கழித்து ‘அ’-வோடு ஒப்பிடுகிறேன். அந்தக் கழித்தல் எந்த மெஷினிலும் நிரம்பாது. கம்பைலரும் அதைத் தூக்க முடியாது.