புள்ளி இல்லாத கடிதம்

என் அப்பாயிக்குக் கடைசிப் பத்தாண்டுகளாகக் காது கேளாது. கைப்பேசியில் எங்கள் முகத்தைக் காட்டினால் உதடு அசைவதைப் பார்த்துச் சிரிப்பாளேயன்றி மறுமொழி சொல்லமாட்டாள். ஆகையால் கும்பகோணத்துக்கு அருகிலுள்ள எங்கள் சிற்றூரிலிருந்து தில்லிக்கு மாதம் ஒன்றாக அஞ்சலட்டை எழுதிக்கொண்டிருந்தாள். அப்பாவுக்கு மத்திய அரசு அலுவலகத்தில் மாற்றல் வந்து நாங்கள் இங்கே குடியேறியபோது எனக்கு வயது 9. இப்போது 23. இடைப்பட்ட காலத்து அட்டைகள் யாவும் ஒரு தகரப் பெட்டியில் இருக்கின்றன.

அப்பாயியின் எழுத்தில் புள்ளி இராது. பள்ளிக்கூடம் போகாதவள்; திண்ணையில் தன் தந்தையிடம் எழுதப் படிக்கக் கற்றவள். அவரோ ஏட்டுச்சுவடியில் பயின்றவர். ஏட்டில் புள்ளி வைத்தால் எழுத்தாணி ஓலையைக் குத்திக் கிழித்துவிடும் என்று வைக்காமல் எழுதிய பழக்கம், ஓலை போய்த் தாள் வந்த பிறகும் அந்த வீட்டில் நின்றது. எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் அவளிடம் ஒரே வடிவம். ஒகரத்துக்கும் ஓகாரத்துக்கும் அப்படியே. எங்களுக்கு அது ஒரு தடையாகத் தோன்றியதில்லை. அப்பா உரக்கப் படிப்பார். படிக்கும்போது அவர் குரல் அப்பாயியின் குரலாகவே மாறிவிடும்.

சென்ற ஆண்டு கோடை விடுமுறையில் ஊருக்கு வருவதாகச் சொல்லியிருந்தேன். ஆய்வுக்கூடப் பயிற்சி ஒன்று கிடைத்தது, போகவில்லை. ஆவணியில் ஓர் அட்டை வந்தது. நலம் விசாரித்த பிறகு கடைசி வரிகள் இவை:

“ஆடிப பெருககு பொனது. என பிளளை வரவிலலை.”

அப்பா, “என் பிள்ளை வரவில்லை” என்று படித்தார். படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அவள் பெற்ற பிள்ளை அவரன்றோ! அவர் ஊருக்குப் போய் இரண்டாண்டு ஆகியிருந்தது.

அம்மா அட்டையை வாங்கிப் பார்த்தார். “உங்களை இல்லீங்க, இவனைத்தான் கேக்கிறாங்க அத்தை. ‘ஏன் பிள்ளை வரவில்லை?’ன்னு எழுதியிருக்காங்க” என்றார்.

ஒரு புள்ளியும் ஒரு காலும் செய்யும் வேலை அது. முன்னதில் அவள் வருந்துகிறாள், பின்னதில் வினவுகிறாள். முன்னதில் பிள்ளை அப்பா, பின்னதில் நான். சித்தப்பாவுக்குத் தொலைபேசியில் சொல்லி, அப்பாயியிடம் எழுதிக் காட்டிக் கேட்கச் சொல்லியிருக்கலாம். கேட்கவில்லை. பொங்கலுக்குத்தான் போகப்போகிறோமே, நேரிலேயே கேட்டுக்கொள்ளலாம் என்று இருந்துவிட்டோம். மார்கழியில் அவள் மறைந்தாள்.

நண்பர்களே, இந்த வீட்டுக் கதையை நம் சங்க மலரில் எழுதக் காரணம் உண்டு. மொழிகளைப் பயிலும் வங்காள நண்பர் ஒருவரிடம் ஒருநாள் இதைச் சொன்னேன். அவர் சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “உன் பாட்டி எபிரேயர் எழுதியதுபோல் எழுதியிருக்கிறார்” என்றார். எனக்கு விளங்கவில்லை. அடுத்த வெள்ளிக்கிழமை மாலை என்னை ஹுமாயூன் சாலைக்கு அழைத்துச் சென்றார். அங்கே 1956-ல் கட்டிய யூதா ஹயாம் தொழுகைக் கூடம் இருக்கிறது. தில்லியில் வாழும் சில யூதக் குடும்பங்களுக்கும், இந்நகருக்கு வந்து போகும் யூதர்களுக்கும் உரிய சிறிய கட்டிடம். நான் எத்தனையோ முறை அவ்வழியே பேருந்தில் போனதுண்டு, பார்த்ததில்லை.

திரும்பும் வழியில் நண்பர் தம் பையிலிருந்து ஒரு நூலை எடுத்துக் காட்டினார். ஒரே பக்கத்தில் இரண்டு பத்திகள். ஒன்றில் எழுத்துகளின் மேலும் கீழும் உள்ளும் எறும்பு ஊர்ந்தாற்போல் புள்ளிகள், கோடுகள்; மற்றொன்றில் வெற்றெழுத்துகள் மட்டும். சொற்கள் ஒன்றே. தொழுகையில் ஓதுவதற்குரிய தோல் சுருளில் இன்றும் புள்ளி இடுவதில்லை; ஓதுபவர் புள்ளியிட்ட பத்தியைப் பார்த்து முன்கூட்டியே மனத்தில் வாங்கிக்கொண்டு, புள்ளியில்லாச் சுருளைப் பார்த்து ஓதவேண்டும்.

எபிரேயத்துக்கு எழுத்து 22. யாவும் மெய்யே. அவற்றுள் சில, நெட்டுயிரைக் குறிக்கவும் துணை நிற்கும். மற்ற உயிரெல்லாம் படிப்பவன் வாயில் இருந்து வரவேண்டும். த, ப, ர என்னும் மூன்று மெய்களைத் ‘தாவார்’ என்றால் சொல். ‘தெவெர்’ என்றால் கொள்ளைநோய். ‘திப்பேர்’ என்றால் பேசினான். அம்மொழி வீட்டிலும் வீதியிலும் பேசப்பட்ட காலத்தில் இது ஒரு குறையன்று. எங்கள் வீட்டில் அப்பாயியின் எழுத்து குறையாகத் தோன்றாததைப் போலத்தான். பேச்சு வழக்கு ஒழிந்த பிறகே இடர் தொடங்கியது. குரல் போய்விட்டால் மெய் மட்டும் கிடக்கும். உயிர் எங்கே தேடுவது?

கி.பி. 7-ஆம் நூற்றாண்டுமுதல் 10-ஆம் நூற்றாண்டுவரை கலிலேயக் கடற்கரையில் உள்ள திபேரியா நகரில் வாழ்ந்த அறிஞர்கள் இக்கேள்விக்கு விடை கண்டார்கள். மசோரா அறிஞர் என்று அவர்களைச் சொல்வர். மசோரா என்பது வழிவழியாக வந்தது என்னும் பொருளில் வழங்கும் சொல். ஓதுவார் வாயில் எஞ்சியிருந்த ஒலியை அவர்கள் புள்ளிகளாகப் பதித்தார்கள். ஆனால் பழைய மூலத்தின் ஓர் எழுத்தையும் தொடவில்லை. ஓரிடத்தில் எழுத்து ஒன்றாகவும் ஓதும் மரபு வேறாகவும் இருந்தால், எழுத்தை அப்படியே விட்டு, ஓதவேண்டியதை ஓரத்தில் குறித்தார்கள். ‘எழுதியது’ என்று ஒன்று, ‘ஓதுவது’ என்று ஒன்று: இப்படி நூற்றுக்கணக்கான இடங்கள். இரண்டும் வாழ்ந்தன, ஒன்றை ஒன்று விழுங்கவில்லை.

எண்ணிக்கையையும் விடவில்லை அவர்கள். முதல் ஐந்து ஆகமங்களில் உள்ள எழுத்து 3,04,805 என்பது மரபுக் கணக்கு. வழக்கத்துக்கு மாறான வடிவில் ஒரு சொல் வந்தால், ‘இப்படி வேறெங்கும் இல்லை’ என்பதைக் காட்ட ஓரத்தில் ஒரே ஒரு சிற்றெழுத்தை இட்டார்கள். எதற்காக? பின்னால் வரும் எழுத்தாளன் அதைப் பிழையென்று கருதித் திருத்திவிடாமல் இருப்பதற்காக!

நான் பயில்வது உயிர்வேதியியல். உயிரணு பிளவுறும்போது டி.என்.ஏ. என்னும் நெடுஞ்சுவடி படியெடுக்கப்படுகிறது. படியெடுக்கும் நொதி தான் சேர்த்த எழுத்தைத் திரும்பிப் பார்க்கும், தவறெனில் நீக்கும். அதன் பிறகும் தப்பியதைத் திருத்த வேறு நொதிகள் வரும். முடிவில் நூறு கோடி எழுத்துக்கு ஒரு பிழை என்ற அளவுக்குத் துல்லியம் கிட்டுகிறது. ஆனால் இங்கே ஒரு வேறுபாடு. நொதி மூல இழையோடு ஒப்பிட்டுத் திருத்துகிறது. மனிதனோ தன் அறிவோடு ஒப்பிட்டுத் திருத்துகிறான். தூங்கி வழிந்து எழுதுபவன் செய்த பிழை பார்த்தவுடன் தெரிந்துவிடும். கெட்டிக்காரன் செய்த திருத்தம் அழகாகப் பொருந்தியிருக்கும். எவருக்கும் ஐயம் எழாது. சுவடிக்கு அவனே பெரும்பகை. மசோரா அறிஞர் அஞ்சியது அவனைத்தான்.

அந்தத் தலைமுறைகளில் தலைசிறந்தவர் ஆரோன் பென் ஆஷேர். அவர் 930-ஐ ஒட்டிப் புள்ளியிட்ட சுவடி பின்னர் சிரியாவின் அலெப்போ நகரில் பல நூற்றாண்டு காக்கப்பட்டது. 1947-ல் நடந்த கலவரத்தில் அது சிதைந்தது; 1958-ல் எருசலேம் சேர்ந்தபோது, ஏறத்தாழ 490 ஏடுகளுள் 300-க்கும் குறைவானவையே எஞ்சியிருந்தன. முழுமையாகக் கிடைக்கும் சுவடிகளுள் மிகப் பழையது, 1008-ஐ ஒட்டிக் கெய்ரோவில் எழுதப்பட்டு இன்று உருசிய நாட்டு நூலகம் ஒன்றில் உள்ளது. தஞ்சைப் பெரிய கோயில் விமானத்துக்கு இராசராசன் கலசம் அளித்த 1010-க்கு இரண்டே ஆண்டு முந்தியது என்றால், நமக்குக் காலம் கண்முன் நிற்கும்.

புள்ளி வந்த பிறகே இலக்கணம் செழித்தது. ஸ்பெயின் நாட்டுக் கோர்தோவாவில் வாழ்ந்த யூதா ஹய்யூஜ், எபிரேய வினையின் பகுதி எப்போதும் மூன்று மெய்களால் ஆனது என்று 1000-ஆம் ஆண்டை ஒட்டி நிறுவினார். ‘காம்’ என்றால் எழுந்தான். அதில் இரண்டு மெய்தான் தெரிகிறது. ‘கூம்’ என்று ஏவும்போது நடுவில் மறைந்திருந்த மூன்றாவது வெளிப்படும். ‘வா’ என்னும் பகுதி ‘வந்தான்’ என்பதில் குறுகி நிற்பதை நாம் விகாரம் என்று பள்ளியில் பிரித்தெழுதினோமே, அத்தகைய ஆய்வு இது. ஹய்யூஜ் அரபு இலக்கணத்தைக் கண்ணாடியாகக் கொண்டார்; 11-ஆம் நூற்றாண்டில் நம் வீரசோழியம் வடமொழியைக் கண்ணாடியாகக் கொண்டது. அவர்வழி வந்த இப்னு ஜனாஹ் ஒரு மருத்துவர். நாடி பார்த்த கையால் சொற்களின் வேரையும் பார்த்தார்! விஞ்ஞானம் பயிலும் நமக்கு இலக்கணம் எதற்கு என்று கேட்கும் நண்பர்கள் இவரை நினைக்க வேண்டுகிறேன். பின்னர் வந்த தாவீது கிம்ஹியின் காலம் 1160 முதல் 1235 வரை. சீயகங்கன் கேட்கப் பவணந்தியார் நன்னூல் செய்ததும் ஏறத்தாழ அக்காலமே.

கிம்ஹியின் நூலைத் துணைக்கொண்டு ஜெர்மானியரான ரொய்க்லின் 1506-ல் எபிரேய இலக்கணம் வெளியிட்டார். சரியாக 200 ஆண்டு கழித்து, 1706-ல், சீகன்பால்கு என்னும் ஜெர்மானியர் எங்கள் ஊருக்குக் கிழக்கே தரங்கம்பாடியில் வந்திறங்கினார். பழைய ஏற்பாட்டை ரூத்தின் ஆகமம் வரை தமிழாக்கி 1719-ல் மறைந்தார். திபேரியாவில் இட்ட புள்ளி, காவிரிக் கரைவரை வந்து சேர்ந்த வழி இது.

ஆனால் அதற்கு முன்பே தமிழ்ச் சொல் ஒன்று அங்கே போயிருக்கிறது போலும். சாலமோன் மன்னனின் கப்பல்கள் பொன், வெள்ளி, தந்தம், குரங்கு இவற்றோடு ‘துக்கி’களையும் கொணர்ந்தன என்று அரசர் ஆகமம் கூறும். துக்கி என்பது நம் ‘தோகை’ என்று 1856-ல் வந்த தம் ஒப்பிலக்கணத்தில் கால்டுவெல் ஆராய்ந்தார். பலர் ஏற்பர், ஐயுறுவாரும் உளர். அதே செய்தி நாளாகமத்திலும் வருகிறது. அரசர் ஆகமத்தில் அச்சொல் உயிரைக் குறிக்கும் துணையெழுத்து இன்றி இருக்கிறது; நாளாகமத்தில் அவ்வெழுத்தோடு இருக்கிறது. இரண்டையும் ஒன்றாக்கி விடுவது எளிது. மசோரா அறிஞர் ஒன்றாக்கவில்லை. பொருள் தெளிவற்ற ஓர் அயல்நாட்டுச் சொல்லின் ஓரெழுத்து வேறுபாட்டைக்கூட அப்படியே நமக்குக் கொடுத்திருக்கிறார்கள்.

நம் கதையும் இதுவே. மெய்யும், எகர ஒகரக் குறில்களும் புள்ளி பெறும் என்று தொல்காப்பியம் விதித்தது. ஓலை அந்தப் புள்ளியை உதிர்த்துவிட்டது. நெடிலுக்கு வேறு வடிவம் தந்தவர் வீரமாமுனிவர் (1680-1747) என்பர். யாழ்ப்பாணத்துத் தாமோதரம் பிள்ளையும், எங்கள் கும்பகோணத்துக் கல்லூரியில் ஆசிரியராய் இருந்த சாமிநாதையரும் செல்லரித்த ஏடுகளின்முன் அமர்ந்தபோது, புள்ளியில்லாத எழுத்தில் உயிரைத் தேடிக்கொண்டுதான் இருந்தார்கள். ஐயர் 1887-ல் சீவக சிந்தாமணியையும் 1894-ல் புறநானூற்றையும் பதிப்பித்தார். ஐயம் உள்ள இடத்தில் பாடபேதத்தைக் கீழே குறிப்பது அவர் முறை. தாம் வென்றதாகக் காட்டிக்கொள்ள மற்றதை அழிக்கவில்லை.

சென்ற மாதம் என் தங்கை தகரப் பெட்டியைத் திறந்தாள். அவள் தில்லியிலேயே வளர்ந்தவள். தமிழை எழுத்துக் கூட்டிப் படிப்பாள். தோழிகளுக்கு ஆங்கில எழுத்தில் தமிழ் அனுப்புவாள். அட்டைகளையெல்லாம் கணினியில் ஏற்றிவிடலாம், புள்ளி வைத்துத் தா என்றாள். நல்ல எண்ணம், ஏனெனில் நான் வைக்காவிட்டால் அவளால் படிக்க இயலாது, அவள் பிள்ளைகளால் அறவே இயலாது. அப்பாவைப் பக்கத்தில் அமர்த்திக்கொண்டு, அவர் குரலில் கேட்டுக் கேட்டுப் புள்ளியிட்டு வருகிறேன். அப்பாயியின் குரல் எஞ்சியிருக்கும் ஒரே இடம் அதுதான். ஆனால் இடதுபுறம் அவள் எழுதியது எழுதியபடியே இருக்கும், புள்ளியிட்டது வலதுபுறம்.

அந்த ஆவணி அட்டை வந்தபோது தங்கை, “இதில் எது அண்ணா சரி?” என்று கேட்டாள். அப்பா என்னைப் பார்த்தார். நான் அப்பாவைப் பார்த்தேன். ‘என்’ என்று எழுதினால் என் குற்றம் தீர்ந்தது. ‘ஏன்’ என்று எழுதினால் அவர் குற்றம் தீர்ந்தது. எங்களுக்கு அவ்வுரிமை இல்லை. இடப்புறம் ‘என பிளளை வரவிலலை’ என்று எழுதினேன். வலப்புறம் இரண்டு பாடத்தையும் ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதி, ‘அப்பா ஓதியது’, ‘அம்மா ஓதியது’ என்று குறித்தேன்.

பொங்கல் விடுமுறைக்கு ஊர் செல்லும் நண்பர்களே! உங்கள் வீட்டிலும் இப்படிப்பட்ட கடிதமோ, கணக்கேடோ, மருந்துக் குறிப்போ இருக்கும். எழுதியவர் இருந்தால் அவர் அருகே அமர்ந்து, ஒருமுறை வாய்விட்டுப் படிக்கச் சொல்லிக் கேளுங்கள். புள்ளியை அன்றே வைத்துவிடுங்கள்.