சி.பி.கே. பார்த்தீங்களா?

சி.பி.கே.ன்னு ஒரு ரத்தப் பரிசோதனை இருக்கு. சில நூறு ரூபாய்க்குள்ள முடிஞ்சிடும். இந்த மூணு எழுத்தைப் பத்தி எழுதணும்னு ரொம்ப நாளா மனசுல ஓடிக்கிட்டே இருந்துச்சு. ஏன்னா, அதை யாரும் எழுதிக் கொடுக்காததால என் அக்கா பையன் இல்லாத ஈரல் வியாதிக்கு அஞ்சு மாசம் பத்தியம் சாப்பிட்டான்.

2023 ஜூன்ல அவனுக்கு காய்ச்சல். அப்ப வயசு அஞ்சு. எதுக்கும் இருக்கட்டும்னு எடுத்த ரத்தப் பரிசோதனையில எஸ்.ஜி.ஓ.டி., எஸ்.ஜி.பி.டி. ரெண்டும் 300-ஐத் தாண்டி நின்னுச்சு. 40-க்குள்ள இருக்க வேண்டியது. பிலிருபின் நார்மல். கண்ணுல மஞ்சள் இல்லை. ஸ்கேன்ல ஈரல் சமர்த்தா இருந்துச்சு. ஹெபடைடிஸ் எல்லாம் நெகட்டிவ். ஆனாலும் அந்த ரெண்டு நம்பருக்காக "ஈரல்ல ஏதோ இருக்கு, எண்ணெய் சேர்க்காதீங்க"ன்னு சொல்லிட்டாங்க.

அவ்வளவுதான். தினமும் காலையில மோர்ல கீழாநெல்லி. இட்லிப் பொடிக்கு எண்ணெய் கிடையாது. பக்கத்து வீட்டுல அப்பளம் பொரிச்சா பையன் ஜன்னல்ல போய் நிப்பான். மாசாமாசம் ரத்தம் எடுப்பாங்க, நம்பர் அசையாது, பத்தியம் இன்னும் ஒரு மாசம் நீளும்.

இத்தனைக்கும் அறிகுறி எல்லாம் நடுவீட்டுலயே நடந்துக்கிட்டு இருந்துச்சு. தரையில உட்கார்ந்தா கையைத் தொடையில ஊன்றித்தான் எழுந்திருப்பான். மாடிப்படியில கைப்பிடி வேணும். கெண்டைக்கால் மட்டும் நல்லா திரண்டு இருக்கும். "பாருடா, ஓட்டப்பந்தய வீரன் கால்"னு அம்மாவுக்கு ஒரே பெருமை.

நவம்பர்ல வேற ஒரு குழந்தைகள் டாக்டர்கிட்ட போனோம். அவர் ஃபைலைத் திறக்கவே இல்லை. "தம்பி, கீழ உட்கார்ந்து எழுந்திரி பார்ப்போம்"னார். எழுந்தான். சீட்டுல சி.பி.கே.ன்னு எழுதிக் கொடுத்தார். மறுநாள் ரிசல்ட் 14,000 சொச்சம். சாதாரணமா 200 பக்கத்துல இருக்கணும்.

விஷயம் இதுதான். எஸ்.ஜி.ஓ.டி.யும் எஸ்.ஜி.பி.டி.யும் ஈரலுக்கு மட்டும் சொந்தமான சரக்கு இல்லை, தசையிலயும் இருக்கு. தசை செல் உடைஞ்சா அதுவும் ரத்தத்துல கசியும். சி.பி.கே. ஈரல்ல ரொம்பவே கம்மி, தசையில ஏராளம். அதனால அது எகிறினா எங்கிருந்து கசியுதுன்னு தெரிஞ்சு போகும். ஜி.ஜி.டி.ன்னு இன்னொண்ணு இருக்கு, தசைக் கோளாறுல அது ஏறாது. ஆனா ரிப்போர்ட் தலைப்புல 'லிவர் ஃபங்ஷன் டெஸ்ட்'னு கொட்டை எழுத்துல போட்டிருந்தா, எல்லாரும் ஈரலைத்தானே பார்ப்பாங்க?

அடுத்து நரம்பியல் நிபுணர். ஊசி குத்தப் போறாங்கன்னு நினைச்சு எனக்கு வயித்தைக் கலக்குச்சு. காரணம், அதுக்கு முன்னாடி அப்பாவுக்கு சர்க்கரையால பாதம் எரியுதுன்னு நரம்புப் பரிசோதனை எடுத்தப்ப கூட இருந்தேன். மணிக்கட்டுல ஒரு தடவை, முழங்கையில ஒரு தடவை சின்னதா ஷாக் கொடுப்பாங்க. விரல் தானா துள்ளும். ரெண்டு இடத்துக்கும் நடுவுல டேப் வச்சு அளந்து, நேர வித்தியாசத்தால வகுத்தா நரம்போட வேகம் கிடைக்கும். கையில நொடிக்கு 50 மீட்டருக்கு மேல இருக்கணும். தூரம் வகுத்தல் நேரம், அதே ஆறாங்கிளாஸ் கணக்கு :-) இதை முதல்ல தவளைக் கால்ல செஞ்சு பார்த்தவர் ஹெல்ம்ஹோல்ட்ஸ், 1850-ல. வேகம் குறைஞ்சா வயர் மேல இருக்கற உறை போச்சுன்னு அர்த்தம். வேகம் இருந்தும் சிக்னல் சின்னதா வந்தா உள்ள இருக்கற வயரே போச்சுன்னு அர்த்தம்.

இ.எம்.ஜி. வேற. அதுல ஷாக் கிடையாது. தசைக்குள்ள மெல்லிய ஊசியை விட்டு, தசை சுருங்கும்போது வர்ற மின்சாரத்தைத் திரையில பார்ப்பாங்க, ஸ்பீக்கர்ல கேட்பாங்க. தகரக் கூரையில மழை விழுற மாதிரி சத்தம் வரும். நாள்பட்ட நரம்புக் கோளாறுன்னா அலைகள் எண்ணிக்கையில கம்மி, ஆனா பெருசு பெருசா. தசையே கெட்டிருந்தா சின்னச் சின்னதா நிறைய.

ஆனா பையனுக்கு அந்த ஊசி தேவைப்படலை. "நரம்பா தசையான்னு சி.பி.கே.யே சொல்லிடுச்சு, குழந்தையை ஏன் குத்தணும்?"னு நேரா மரபணு பரிசோதனைக்கு அனுப்பிட்டார் டாக்டர். 2024 ஜனவரியில ரிப்போர்ட் வந்துச்சு. டிஸ்ட்ரோஃபின்னு ஒரு மரபணு, அதுல 79 துண்டுகள். இவனுக்கு நடுவுல சிலது காணோம். டுஷேன் தசைச்சிதைவு. அடியோட குணமாக்குற மருந்து இல்லை. ஸ்டீராய்டும் பிசியோதெரபியும் வேகத்தைக் குறைக்கும். அஞ்சு மாசம் முன்னாடியே தெரிஞ்சிருந்தாலும் நோய் தலைகீழா மாறியிருக்காது. ஆனா அஞ்சு மாசம் அப்பளம் சாப்பிட்டிருப்பான்.

அப்புறம் இதயம். டிஸ்ட்ரோஃபின் இதயத் தசைக்கும் வேணும். ஈ.சி.ஜி. மின்சாரத்தைப் பார்க்கும்: துடிப்பு எங்க கிளம்புது, எந்த வழியா போகுது, தாளம் தப்புதான்னு. எவ்வளவு ரத்தம் பம்ப் ஆகுதுன்னு அது நேரடியா சொல்லாது. அதுக்கு எக்கோ. நாம படி ஏறினா மூச்சு வாங்கும், இதயத்துல ஏதோ இருக்குன்னு சந்தேகம் வரும். படியே ஏறாத பிள்ளைக்கு இதயம் பலவீனமானாலும் வெளியே தெரியாது. அதனாலதான் ஒரு தொந்தரவும் இல்லைன்னாலும் வருஷாவருஷம் பார்க்கச் சொல்றாங்க. இவனுக்கு கடைசியா எடுத்தப்ப நார்மல்.

இப்ப எங்க வீட்டுல ஓடுற பிரச்சினை அக்காவோடது. இந்த மரபணு எக்ஸ் குரோமோசோம்ல இருக்கு. மூணுல ஒரு பங்கு கேஸ்ல அம்மாகிட்ட இருந்து வராம குழந்தைகிட்ட புதுசா உண்டாகும். அக்கா விஷயத்துல அப்படி இல்லை, அவ கேரியர்னு ரிப்போர்ட் வந்துடுச்சு. கேரியரா இருக்கற பெண்களுக்கு கை கால் நல்லா இருந்தாலும் இதயத் தசை பலவீனமாகலாம். அதனால அவளும் ஈ.சி.ஜி., எக்கோ எடுத்துக்கணும்னு டாக்டர் அன்னிக்கே எழுதிக் கொடுத்தார். அந்தச் சீட்டு இன்னும் ஃபைல்லயே இருக்கு.

கேட்டா, "எனக்கு என்னடா, நல்லாத்தானே இருக்கேன்"ங்கறா. நிஜக் காரணம் எனக்குத் தெரியும். ரிப்போர்ட் வந்த அன்னிக்கு அத்தானோட அம்மா, "எங்க வழியில யாருக்கும் இப்படி இல்லையே"ன்னு ஒரு வார்த்தை சொன்னாங்க. அத்தான் உடனே அதட்டினார். ஆனா வார்த்தை விழுந்தது விழுந்ததுதான். எக்கோவுல ஏதாவது வந்தா அது தனக்கு எதிரான இன்னொரு சாட்சின்னு நினைக்கிறா.

அவகிட்ட நேர்ல சொல்லி முடியாததை இங்க சொல்லிக்கறேன். ஒவ்வொரு டெஸ்ட்டுக்கும் ஒரே ஒரு கேள்விக்குத்தான் பதில் தெரியும். நரம்புப் பரிசோதனைக்கு வயர் தெரியும், சி.பி.கே.க்கு தசை உடையறது தெரியும். எக்கோவுக்கு உன் இதயம் இன்னிக்கு எப்படி பம்ப் பண்ணுதுன்னு மட்டும்தான் தெரியும். யாரால வந்துச்சுங்கற கேள்விக்கு எந்த மெஷின்லயும் பட்டன் கிடையாது. அவனைத் தூக்கிக்கிட்டு மாடி ஏறுறது நீதான். உன் இதயம் நல்லா இருக்கணும்.

அடுத்த மாசம் அவனுக்கு வருடாந்திர எக்கோ. அதே நாளுக்கு ரெண்டு டோக்கன் போட்டு வச்சிருக்கேன். அவ இன்னும் சரின்னு சொல்லலை. வேண்டாம்னும் சொல்லலை.

டிஸ்கி: நான் டாக்டர் இல்லை, பொட்டி தட்டுறவன். ஆனா ஒண்ணு கேட்டுக்கறேன். உங்களுக்குத் தெரிஞ்ச குழந்தைக்கு எஸ்.ஜி.ஓ.டி., எஸ்.ஜி.பி.டி. மாசக்கணக்கா அதிகமா இருந்து, ஈரல்ல காரணம் கிடைக்கலைன்னா, டாக்டர்கிட்ட "சி.பி.கே. பார்த்துடலாமா?"ன்னு ஒரு வார்த்தை கேளுங்க.